சங்கத் தலைமை: மகளிர் விளையாட்டுகள் தரும் பாடம்

சங்கத் தலைவர் பதவி பட்டா நிலமன்று. மகாசபை ஒப்படைத்து, உரிய காலத்தில் திரும்பப் பெறும் பொறுப்பாகும். இது கூட்டுறவுச் சங்கங்களுக்கு மட்டுமன்றி, அங்கத்தினர் சேர்ந்து நடத்தும் எல்லா அமைப்புகளுக்கும் பொருந்தும். இதனை விளக்க இரு விளையாட்டுச் சங்கங்களை எடுத்துக்கொள்வோம். ஒன்று, அயர்லாந்தில் மகளிர் ஆடும் கமோகி என்னும் பழைய விளையாட்டின் சங்கம். மற்றொன்று, ஸ்ரீபெரும்புதூர் வட்டாரத்தில் நாம் அனைவரும் அறிந்த சடுகுடுவின் தேசியச் சம்மேளனம்.

அயர்லாந்தின் கமோகி

கமோகி, வளைந்த மட்டையும் பந்தும் கொண்டு ஆடுவது. இதற்கான சங்கம் 1904-இல் டப்ளின் நகரில் தோன்றியது. ஆட்டக்காரிகள் பாவாடை போன்று தைத்த உடுப்பையே அணிதல் வேண்டும் என்பது 2025 வரை அதன் விதியாக இருந்தது. அவ்வுடுப்பு ஆட்டத்திற்கு இடையூறு என்று பலர் முறையிட்டனர். 2024-இல் கூடிய மகாசபை மாற்றத்தை நிராகரித்தது. விதிப்படி 2027 வரை அத்தீர்மானத்தை மீண்டும் கொண்டுவர இயலாது.

2025 மே மாதத்தில் டப்ளின், கில்கென்னி அணியினர் அரைக்கால்சட்டையுடன் களமிறங்கினர். உடுப்பை மாற்றாவிடில் ஆட்டம் நடைபெறாது என்று அவர்களுக்குக் கூறப்பட்டது. நாடெங்கும் கண்டனம் எழவே, தலைவர் பிரயன் மொல்லாயும் நிர்வாகிகளும் 2027 வரை காத்திராது, விசேஷ மகாசபையைக் கூட்டினர். மே 22-ஆம் தேதி நூற்றுக்குத் தொண்ணூற்றெட்டு வாக்குகளால் விதி திருத்தப்பட்டது. தவறு நேர்ந்தது மகாசபையில். அதனைத் திருத்தியதும் மகாசபையே.

இந்தியக் கபடிச் சம்மேளனம்

நம் நாட்டில் ஆடவர், மகளிர் இரு பாலாரின் சடுகுடுவையும் ஒரே சம்மேளனம் நடத்துகிறது. 1984 முதல் 2013 வரை ஒருவரே அதன் தலைவராக இருந்தார். பின்னர் அவர் ஆயுட்காலத் தலைவரானார்; அவருடைய துணைவியார் தலைவரானார். விளையாட்டுச் சம்மேளனத் தலைவர் பன்னிரண்டு ஆண்டுகளுக்கு மேல் பதவி வகித்தல் கூடாது என்பது 2011-ஆம் ஆண்டின் தேசிய விளையாட்டு விதித்தொகுப்பு. முன்னாள் ஆட்டக்காரர்கள் வழக்குத் தொடுத்தனர். 2018 ஆகஸ்டில் டில்லி உயர்நீதிமன்றம் அவ்விரு நியமனங்களையும் ரத்துச் செய்தது. நீதிமன்றம் நியமித்த நிர்வாகியிடம் பொறுப்பு சென்றது. நம் சங்கங்களில் தனி அலுவலர் வருவதை ஒத்தது இது.

2023 டிசம்பரில் தேர்தல் நடந்தும், தேர்ந்தெடுக்கப்பட்டோர் பொறுப்பேற்கவில்லை. தேர்ந்தெடுக்கப்பட்ட குழு பொறுப்பில் இல்லாததால் சர்வதேசச் சம்மேளனம் இந்தியச் சம்மேளனத்தை விலக்கி வைத்தது. ஆசியப் போட்டி நெருங்கியபோது, ஆட்டக்காரிகள் இருவர் உச்சநீதிமன்றத்தை நாட நேர்ந்தது. 2025 பிப்ரவரியில் நீதிமன்றம் பொறுப்பை ஒப்படைக்குமாறு உத்தரவிட்டது. மார்ச் 8-ஆம் தேதி, தெஹ்ரான் நகரில் நம் மகளிர் ஈரானை 32-25 என வென்று கோப்பை பெற்றனர். நிர்வாகச் சீர்கேட்டின் சுமை, அதில் குற்றம் ஏதுமில்லாத அவர்கள் தலையில் விழவிருந்தது என்பதை நாம் மறத்தல் கூடாது.

நாம் அறிய வேண்டுவன

1. பதவிக்காலத்தின் வரம்பு, தலைவரை அவமதிப்பதற்கன்று, சங்கத்தைக் காப்பதற்கே. நல்லவர் ஒருவரே நெடுங்காலம் இருப்பினும், அடுத்தவரைப் பழக்காவிடில் சங்கம் நலிவுறும்.

2. ஆண்டு மகாசபைக்கு வாராத அங்கத்தினர், தம் உரிமையைத் தாமே பிறர் கையில் கொடுத்தவராவர். தறியில் இழை அறுந்தால் உடனே முடிச்சிடுகிறோம். பத்து முழம் நெய்தபின் வருந்திப் பயனில்லை.

3. பெண் அங்கத்தினர் கையொப்பமிடுவதற்கு மட்டும் உரியவரல்லர். 2025-இல் பாராளுமன்றம் நிறைவேற்றிய தேசிய விளையாட்டு நிர்வாகச் சட்டம், சம்மேளன நிர்வாகக் குழுவில் குறைந்தது நான்கு பெண்கள் இடம்பெற வேண்டும் என்கிறது. பாவு ஓட்டியும் நாற்று நட்டும் சங்கத்தை வளர்ப்போரின் சொல் நம் குழுவிலும் ஒலித்தல் வேண்டும்.

கலந்தாய்வுக்குரிய வினாக்கள்

அ. நம் சங்கத்தின் உபவிதிகளில் தலைவரின் பதவிக்காலம் எவ்வளவு?

ஆ. விசேஷ மகாசபையைக் கூட்ட எத்தனை அங்கத்தினர் எழுதிக் கோருதல் வேண்டும்?

இ. சென்ற மகாசபையில் பேசிய பெண் அங்கத்தினர் எத்தனை பேர்?

விடை தெரியாதோர் சங்க அலுவலகத்தில் உபவிதிப் புத்தகத்தைக் கேட்டு வாங்கிப் படிப்பாராக. கேட்பது அங்கத்தினர் உரிமை. காட்டுவது அலுவலகத்தின் கடமை.