இணையம் அறுந்து வியாபாரம் போனால், இழப்பீடு கேட்பது எப்படி?

தீபாவளிக்கு முந்தின வாரம். கிள்ளான் தெங்கு கிளானா சாலையில் துணிக்கடை வைத்திருக்கிறீர்கள். இணையம் இரண்டு நாள் படுத்துவிடுகிறது. கியூஆர் வழியாகப் பணம் வாங்க முடியாததால் வந்தவர்கள் அடுத்த கடைக்குப் போய்விடுகிறார்கள். தொலைத்தொடர்பு நிறுவனத்தைக் கேட்டால், வருமான இழப்புக்குத் தாங்கள் பொறுப்பல்ல என்ற ஒப்பந்த வரியைக் காட்டுவார்கள். பலரும் அதோடு விட்டுவிடுகிறார்கள். விட வேண்டாம்.

அந்த வரி தந்திக் காலத்திலேயே பிறந்தது. பிலடெல்பியா கம்பளி வணிகர் பிரிம்ரோஸ் அனுப்பிய சங்கேதத் தந்தியில் ஒரே ஓர் எழுத்து மாறி, 'வாங்கிவிட்டேன்' என்பது 'வாங்கு' என்றாகிவிட்டது. 20,000 டாலருக்கு மேல் நட்டம். 1894இல் அமெரிக்க உச்ச நீதிமன்றம் அவருக்குத் தந்திக் கட்டணமான 1 டாலர் 15 சென்ட்டை மட்டுமே கொடுத்தது. தந்தி நிறுவனத்தின் அத்தகைய வரி கேட்டபடி, கூடுதல் கட்டணம் கட்டித் தந்தியைத் திருப்பி அனுப்பச் செய்து அவர் சரிபார்க்கவில்லை என்பது காரணம். நம் மலேசியச் சட்டம் இவ்வளவு கடுமையாக இல்லை.

முதல் வேலை, அன்றைக்கே சான்று சேர்ப்பது. இணைப்பு எப்போது அறுந்தது, எப்போது வந்தது என்று குறித்துத் திரைப்பிடிப்பு எடுத்து வையுங்கள். தொலைபேசியில் புகார் சொன்னால் புகார் எண்ணைக் கேட்டு வாங்கி, அதையே மின்னஞ்சலிலும் எழுதி அனுப்புங்கள். வாய்ப்பேச்சு பிறகு நிற்காது.

அடுத்து, நட்டத்தை இரண்டாகப் பிரியுங்கள். சேவை இல்லாத நாள்களுக்கான கட்டணம் ஒன்று. அதைத் திரும்பப் பெறுவது எளிது. போன வியாபாரம் மற்றொன்று, போராட்டம் அதில்தான். 1950ஆம் ஆண்டு ஒப்பந்தச் சட்டத்தின் 74ஆவது பிரிவு, இயல்பாக விளையும் நட்டத்துக்கும், ஒப்பந்தம் போடும்போதே இரு தரப்பும் அறிந்திருந்த நட்டத்துக்கும் இழப்பீடு தருகிறது. தூரத்து விளைவுகளுக்குத் தராது. ஆகவே இணைப்பு எடுக்கும் நாளிலேயே, 'கடையின் கியூஆர் வசூல் முழுவதும் இந்த இணைப்பில்தான் ஓடுகிறது' என்று எழுதிக் கொடுத்துவிடுங்கள். இந்தக் கட்டுரையில் ஒன்றை மட்டும் செய்வதானால் இதைச் செய்யுங்கள்.

பிறகு, பொறுப்பல்ல என்று சொல்லும் அந்த ஒப்பந்த வரியை நிதானமாகப் படியுங்கள். இழப்பீட்டுக்கு உச்சவரம்பு வைக்கிறதா, அல்லது வாசலையே அடைக்கிறதா? ஒரு மாதக் கட்டணத்துக்கு மேல் தரமாட்டோம் என்பது வரம்பு. அதை உடைப்பது கடினம். எந்த நட்டத்துக்கும் எந்த இழப்பீடும் கிடையாது என்பது வேறு. 2018 இறுதியில் சிஐஎம்பி வங்கி வழக்கில், வீட்டுக்கடன் ஒப்பந்தத்தில் இருந்த அப்படிப்பட்ட வரி அதே ஒப்பந்தச் சட்டத்தின் 29ஆவது பிரிவின்படி செல்லாது என்று கூட்டரசு நீதிமன்றம் தீர்ப்பளித்தது. நிறுவனத்துக்கு எழுதும் கடிதத்தில் இந்தத் தீர்ப்பைக் குறிப்பிடுங்கள்.

பதில் வராவிட்டால், அல்லது வந்த பதில் சரியில்லை என்றால், புகார் எண்ணோடு மலேசியத் தொடர்பு, பல்லூடக ஆணையத்துக்கு எழுதுங்கள். நிறுவனத்திடம் முதலில் முறையிட்டிருப்பது அவசியம்.

அதற்கும் அசையாவிட்டால், வீட்டு இணைப்பா கடை இணைப்பா என்பதைப் பொறுத்து வழி பிரிகிறது. பிரிக்பீல்ட்ஸ் அடுக்குமாடி வீட்டு இணைப்பு என்றால் பயனீட்டாளர் தீர்ப்பாயத்தை நாடலாம்: 50,000 வெள்ளி வரை கோரலாம், மூன்று ஆண்டுக்குள் பதிய வேண்டும், மனுக் கட்டணம் 5 வெள்ளி, வழக்கறிஞர் தேவையில்லை. கடைக்காரரைப் பயனீட்டாளராக ஏற்பது சிக்கல். அவர் தனிநபராக, மாஜிஸ்திரேட் நீதிமன்றத்தின் சிறு கோரிக்கை முறையில் 5,000 வெள்ளி வரை கேட்கலாம். அங்கும் தாமே பேசலாம்.

தொகையை எழுதும்போது மொத்த விற்பனையைப் போடாதீர்கள். கையில் நின்றிருக்கும் லாபத்தை மட்டும் போடுங்கள். சென்ற ஆண்டு அதே வாரத்துக் கணக்கையும், இணைப்பு அறுவதற்கு முந்தைய நாள்களின் ரசீதுகளையும் இணையுங்கள். ரொக்கமாக வந்த பணத்தைக் கழித்துக் காட்டுங்கள். எதிர்த்தரப்பு முதலில் கேட்பது அதைத்தான்.