பெயரும் ஆட்நாவும்

குர்லாவிலுள்ள லோகமான்ய திலக் முனையத்திற்குப் பெயர் தந்தவர் பால கங்காதர திலகர். 'பால்' என்பது வீட்டார் அவரை அழைத்த பெயர். பிறந்தபோது இட்ட பெயர் கேசவ். 'கங்காதர்' என்பது தந்தையின் பெயர். 'திலக்' என்பது குடும்பப் பெயர். 'லோகமான்ய' என்பதோ மக்கள் அளித்த சிறப்புப் பெயர். தமிழ்நூல்கள் முதலிரண்டையும் சேர்த்துப் 'பாலகங்காதர' என்று எழுதியதால், மகனும் தந்தையும் ஒரே பெயருக்குள் அடங்கிவிட்டனர்.

மராட்டியர் தம் பெயரை இவ்வாறே மூன்று பகுதிகளாக எழுதுவர். மூன்றாம் பகுதியை 'ஆட்நாவ்' என்பர். அது பல வேளைகளில் முன்னோரின் ஊரையோ தொழிலையோ காட்டும். பாடகி லதா மங்கேஷ்கரின் குடும்பப் பெயர், கோவாவிலுள்ள மங்கேஷி என்னும் ஊரால் வந்தது. குல்கர்ணி என்பது ஊர்க்கணக்கரையும், ஜோஷி என்பது சோதிடரையும் குறித்த சொற்கள். தமிழர்க்கு இது புதிய வழக்கன்று. சங்கப் புலவர் கணியன் பூங்குன்றனாரின் பெயரிலும் தொழில் முன்னே நிற்க, ஊர் பின்னே வருகின்றது. கணியன் என்றால் காலத்தைக் கணித்துச் சொல்பவன். மதுரைக் கூலவாணிகன் சீத்தலைச் சாத்தனார் என்னும் பெயரோ ஊரையும் தானிய வணிகத்தையும் ஒருங்கே அறிவிக்கின்றது.

பிற்காலத்தில் தமிழர் பெயரின் பின்னே சாதிப் பட்டமும் சேர்ந்துகொண்டது. 1929ஆம் ஆண்டு செங்கற்பட்டில் கூடிய முதல் சுயமரியாதை மாநாடு அப்பட்டங்களைத் துறக்குமாறு தீர்மானம் நிறைவேற்றியது. பலர் துறந்தனர். ஊர், தந்தை ஆகியோரின் முதலெழுத்துகள் மட்டும் பெயரின் முன்னே நின்றன. ம.பொ.சி. என்றால் மயிலாப்பூர் பொன்னுசாமி சிவஞானம்.

குர்லாவில் வாழும் தமிழ்ச் சிறுமி ஒருத்தியின் பெயர் இசக்கியம்மாள், தந்தையின் பெயர் சுடலைமுத்து என்று கொள்வோம். பள்ளி விண்ணப்பத்தில் ஆட்நாவ் கட்டத்தில் எழுத அவளுக்கு ஒன்றும் இல்லை. கட்டம் வெறுமையாக இருத்தல் கூடாது என்று எவரேனும் 'சுடலைமுத்து' என்பதை அங்கே எழுதிவிட்டால், அது குடும்பப் பெயராகிவிடும். அவள் தம்பியின் பிள்ளைகளும் பாட்டனார் பெயரையே ஆட்நாவாகச் சுமப்பர். கட்டம் வெறுமையாக இருப்பதற்கு ஒரு வரலாறு உண்டு என்பது படிவத்திற்குத் தெரியாது.

ஐஸ்லாந்து நாட்டிலும் பெரும்பாலோர்க்குக் குடும்பப் பெயர் இல்லை. தந்தை பெயருடன் மகன் 'சோன்' என்பதையும், மகள் 'டோட்டிர்' என்பதையும் சேர்த்துக்கொள்வர். ஆதலால் உடன்பிறந்த அண்ணனும் தங்கையும் வெவ்வேறு பின்பெயர் கொண்டிருப்பர். கானா நாட்டு அகான் மக்கள் பிறந்த கிழமையையே பெயராக்குவர், ஐ.நா. பொதுச்செயலாளராக விளங்கிய கோஃபி அன்னான் வெள்ளிக்கிழமை பிறந்தவர். மகாராட்டிரத்திலும் வழக்கம் மாறி வருகின்றது. 2024 மே 1 முதல் பிறக்கும் குழந்தையின் பெயரை அடுத்துத் தாயின் பெயரும், அதன்பின் தந்தையின் பெயரும் ஆட்நாவும் எழுதப்பெற வேண்டும் என்று மாநில அரசு முடிவு செய்தது.

இசக்கியம்மாள் என்னும் பெயரைக் கேட்டு வகுப்பில் சிலர் நகைக்கலாம். வேறு பெயர் வேண்டும் என்று அவளும் வீட்டில் அழலாம். அப்பெயரோ மிகப் பழையது. யட்சி என்னும் வடசொல் தமிழில் இயக்கி என்றாகி, தென்பாண்டி மக்களின் நாவில் இசக்கி என்றாயிற்று. கண்ணகிக்கு அடைக்கலம் தந்த மாதரி, இயக்கிக்குப் பால்மடை படைத்துத் திரும்பியதைச் சிலப்பதிகாரம் கூறுகின்றது. அவளுக்கு அப்பெயரை இட்டதற்கு வேறொரு காரணமும் இருக்கக்கூடும்: அது அவள் பாட்டியின் பெயராக இருக்கலாம். பாட்டனார் பெயரைத் தாங்குபவன் பெயரன். அதுவே பேரன் என மருவியது. பாட்டியின் பெயரைத் தாங்குபவள் பெயர்த்தி.

செயல்பாடு: உன் பெயரை உனக்கு இட்டவர் யார்? அதன் பொருள் யாது? வீட்டில் மூத்தோரிடம் கேட்டு ஐந்து தொடர்களில் எழுதுக. மராட்டி பேசும் நண்பர் ஒருவரின் ஆட்நாவ் ஊரைக் குறிக்கின்றதா, தொழிலைக் குறிக்கின்றதா என்று அறிந்து எழுதுக.