கொழுப்புப் பந்துக்குள்ளே ஒரு மருந்து



கொழுப்பு என்றாலே "அய்யோ, அது உடம்புக்கு ஆகாது" என்றுதான் நாம் சொல்லுவோம். ஆனா அந்தக் கொழுப்பையே கண்ணுக்குத் தெரியாத சின்னப் பந்தாக உருட்டி, அதுக்குள்ள மருந்தை வைத்து உடம்புக்குள் அனுப்புகிறார்கள் விஞ்ஞானிகள். இதன் பெயர் கொழுப்பு நானோ துகள். இதைப் பற்றித்தான் இந்த மாதம் எழுதியிருக்கேன். கட்டுரை கொஞ்சம் நீளம். இடைவேளையில பாதி, சாப்பாட்டு நேரத்துல மீதி என்று வாசியுங்க!

1. நானோ என்றால் எவ்வளவு சிறுசு?

உங்க ஸ்கேலை எடுத்துப் பாருங்க. அதில் உள்ள ஒரு மில்லி மீட்டரை 10 லட்சம் பங்காகப் பிரித்தால் அதில் ஒரு பங்குதான் ஒரு நானோ மீட்டர். நம் தலைமுடி ஒன்றின் தடிமன் ஏறக்குறைய 80,000 முதல் 1,00,000 நானோ மீட்டர். தடுப்பூசியில் உள்ள கொழுப்புப் பந்து சுமார் 100 நானோ மீட்டர்தான். அதாவது ஒரு முடியின் குறுக்கே சுமார் ஆயிரம் பந்துகளை வரிசையாக அடுக்கலாம்!

2. செய்து பாருங்கள்

மூன்று சின்னக் கண்ணாடிப் பாட்டில் எடுத்து மூன்றிலும் பாதி தண்ணீர் ஊற்றுங்க. ஒவ்வொன்றிலும் ஒரு ஸ்பூன் தேங்காய் எண்ணெய் விடுங்க.

முதல் பாட்டில்: வேறு எதுவும் சேர்க்க வேண்டாம்.
இரண்டாவது பாட்டில்: கொஞ்சம் சோப்புத் தண்ணீர்.
மூன்றாவது பாட்டில்: கொஞ்சம் முட்டை மஞ்சள் கரு.

மூன்றையும் முப்பது தடவை நல்லா குலுக்கி வையுங்க. முதல் பாட்டிலில் சீக்கிரமே எண்ணெய் தனியாக மேலே வந்துவிடும். மற்ற இரண்டும் பால் மாதிரி வெளுத்து அப்படியே நிற்கும். (குடிச்சிராதீங்க!)

காரணம் என்ன? முட்டை மஞ்சள் கருவில் பாஸ்போலிப்பிடு என்ற கொழுப்பு இருக்கிறது. அதற்கு ஒரு தலை, இரண்டு வால். தலைக்குத் தண்ணீர் என்றால் ரொம்பப் பிடிக்கும். வாலுக்குத் தண்ணீரே ஆகாது, எண்ணெய்தான் பிடிக்கும். அதனால் தலை தண்ணீர்ப் பக்கமும் வால் எண்ணெய்ப் பக்கமுமாக நின்று இரண்டையும் பிரிய விடாமல் பிடித்து வைக்கிறது. சோப்பும் இதே வேலையைத்தான் செய்கிறது.

எண்ணெயே இல்லாமல் தண்ணீரில் பாஸ்போலிப்பிடை மட்டும் போட்டால்? வாலுக்கு ஒளிய இடம் இல்லை. அதனால் இரண்டு வரிசையாக நின்று, வால்களை நடுவில் மறைத்துக்கொண்டு, தானாகவே ஒரு பை போல மூடிக்கொள்ளும். நம் உடம்பில் உள்ள ஒவ்வொரு செல்லின் சவ்வும் இப்படி இரண்டு அடுக்குதான். ஒன்பதாம் வகுப்புக்காரர்கள் செல் படம் வரையும்போது இரண்டு கோடு போடுவோமே, அதன் அர்த்தம் இதுதான்.

1961-இல் இங்கிலாந்தில் அலெக் பாங்கம் என்ற விஞ்ஞானி, புதிதாக வந்த எலக்ட்ரான் நுண்ணோக்கியில் பாஸ்போலிப்பிடை வைத்துப் பார்த்தபோது இந்தப் பைகளைக் கண்டார். அவைதான் லிப்போசோம்கள். "பை இருக்கு, அப்போ உள்ள எதையாவது வைக்கலாமே" என்ற எண்ணம் அடுத்து வந்தது. கொழுக்கட்டைக்குள் பூரணம் வைக்கிற மாதிரிதான்!

3. மருந்துக்கு ஏன் மூடி வேண்டும்?

மருந்து நல்லதுதானே, அப்படியே ஊசி போட்டால் என்ன என்று கேட்கலாம். அதற்கு ஒரு உண்மைக் கதை சொல்கிறேன்.

காலா அசார் என்று ஒரு நோய். கருங்காய்ச்சல் என்று அர்த்தம். மணல் ஈ கடித்துப் பரவும். மண்ணீரலும் கல்லீரலும் வீங்கி, ஆள் மெலிந்து, சிகிச்சை கிடைக்காவிட்டால் பெரும்பாலும் உயிரே போய்விடும். இந்த நோய்க் கிருமியைக் கண்டுபிடித்ததில் நம்ம சென்னைக்கும் பங்கு உண்டு. 1903-இல் சென்னை அரசுப் பொது மருத்துவமனையில் வேலை பார்த்த சார்லஸ் டோனோவான் என்ற டாக்டர் இதைக் கண்டார். அதனால்தான் கிருமிக்கு லீஷ்மேனியா டோனோவானி என்று பெயர். பிற்காலத்தில் இந்த நோயால் அதிகம் கஷ்டப்பட்டது பீகார் மாநிலம். அதுவும் ஏழைகள்தான்.

இதற்கு ஆம்போடெரிசின் பி என்று ஒரு மருந்து உண்டு. 1950-களில் வெனிசுலா நாட்டு மண்ணில் கிடைத்த ஒரு நுண்ணுயிரியிலிருந்து எடுத்தது. கிருமியைக் கொல்லும், ஆனால் குளிர் நடுக்கமும் காய்ச்சலும் கொடுக்கும். சிறுநீரகத்தையும் கெடுக்கும். அதனால் கொஞ்சம் கொஞ்சமாகத்தான் ஏற்ற முடியும். ஒரு நாள் விட்டு ஒரு நாள், 15 தடவை, ஏறக்குறைய ஒரு மாதம் ஆஸ்பத்திரியில் கிடக்க வேண்டும். கூலி வேலைக்குப் போகிற குடும்பத்தில் ஒருத்தர் ஒரு மாதம் படுத்தால், கூட இருந்து பார்க்கிறவருக்கும் கூலி போச்சு. அடுப்பு எப்படி எரியும்?

அதே மருந்தைக் கொழுப்புப் பைக்குள் வைத்தபோது கதை மாறியது. பை சிறுநீரகத்தின் வடிகட்டியை விடப் பெரியது, அதனால் அங்கே மருந்து அதிகம் தங்காது. மண்ணீரலிலும் கல்லீரலிலும் உள்ள விழுங்கு செல்கள் "இது என்ன புதுசா" என்று பையைப் பிடித்து விழுங்கிவிடும். காலா அசார் கிருமி ஒளிந்திருப்பதும் அதே விழுங்கு செல்களுக்குள்தான்! திருடன் இருக்கும் வீட்டுக்கே போலீஸ் போன மாதிரி.

பனாரஸ் இந்துப் பல்கலைக்கழகப் பேராசிரியர் ஷியாம் சுந்தரும் அவர் குழுவினரும் பீகாரில் இதைச் சோதித்து 2010-இல் முடிவை வெளியிட்டார்கள். கொழுப்புப் பை மருந்து ஒரே ஒரு தடவை போட்டவர்களில் 95.7 சதவீதம் பேர் குணமானார்கள். பழைய முறையில் 15 தடவை போட்டவர்களில் 96.3 சதவீதம். இரண்டும் ஏறக்குறைய ஒன்றுதான். ஆனால் ஒன்றுக்கு ஒரு மாதம், மற்றதுக்கு ஒரு நாள்! மருந்து ஒன்றுதான், மூடி மட்டும்தான் வேறு.

4. 2021-இல் நம் மாநிலத்தில்

இதே மருந்தின் பெயர் 2021-இல் எல்லா செய்தியிலும் வந்தது. கொரோனா இரண்டாம் அலையின்போது கருப்புப் பூஞ்சை நோய் பரவியதே, ஞாபகம் இருக்கா? சுகர் கட்டுப்பாட்டில் இல்லாதவர்களையும், கொரோனாவுக்கு ஸ்டீராய்டு அதிகம் எடுத்தவர்களையும் அது குறி வைத்துத் தாக்கியது. மூக்கு, கண், மூளை என்று போய்விடும். 2021 மே மாதம் தமிழ்நாடு அரசு இதை அரசுக்குக் கட்டாயம் தெரிவிக்க வேண்டிய நோயாக அறிவித்தது.

அதற்கும் கொழுப்புப் பை ஆம்போடெரிசின்தான் முக்கிய மருந்து. ஆனால் நாடு முழுவதும் தட்டுப்பாடு. ஏன் என்று ஒரு கணக்குப் போட்டால் தெரியும். ஒரு கிலோ எடைக்கு ஒரு நாளைக்கு 5 மில்லி கிராம் என்றால், 60 கிலோ உள்ளவருக்கு 300 மில்லி கிராம். ஒரு குப்பியில் இருப்பது 50. அப்போ ஒரு நாளைக்கு 6 குப்பி. இப்படி வாரக்கணக்கில் போட வேண்டும். விலையும் அதிகம். குடும்பங்கள் ஊர் ஊராக மருந்து தேடி அலைந்தன. நல்ல மருந்து கண்டுபிடித்தால் மட்டும் போதாது, வேண்டிய நேரத்தில் ஏழைக்கும் கிடைக்கணும் என்பது இதில் தெரிகிறது.

5. தடுப்பூசியில் கொழுப்புப் பந்து

எம்.ஆர்.என்.ஏ. என்பது செல்லுக்குப் போகும் ஒரு கடிதம். "இந்தப் புரதத்தைச் செய்" என்று அதில் எழுதியிருக்கும். கொரோனா வைரசின் முள் புரதத்தை மட்டும் செய்யச் சொல்லிக் கடிதம் அனுப்பினால், நம் செல் அதைச் செய்யும். உடம்பின் காவல்படை அதைப் பார்த்துப் பழகிக்கொள்ளும். நிஜ வைரஸ் வரும்போது தயாராக இருக்கும். இந்தக் கடிதத்தை உடம்பு விரட்டாமல் ஏற்க வழி கண்டதற்காக கட்டலின் கரிக்கோ அம்மையாருக்கும் ட்ரூ வைஸ்மேனுக்கும் 2023-இல் நோபல் பரிசு கிடைத்தது.

ஆனால் கடிதத்தை உறை இல்லாமல் போட்டால் மழையில் நனைந்த காகிதம்தான். ரத்தத்தில் உள்ள நொதிகள் உடனே வெட்டிப் போட்டுவிடும். அதனால் நாலு வகைக் கொழுப்பால் பந்து செய்கிறார்கள்.

அ) மின்சுமை மாறும் கொழுப்பு – கடிதத்தைப் பிடித்து வைப்பது இதுதான்.
ஆ) பாஸ்போலிப்பிடு – பந்துக்கு உருவம் தரும்.
இ) கொலஸ்ட்ரால் – உடையாமல் உறுதியாக வைக்கும்.
ஈ) பெக் சேர்ந்த கொழுப்பு – பந்துகள் ஒன்றோடொன்று ஒட்டாமல் பார்க்கும்.

இதில் முதலாவதுதான் கெட்டிக்காரக் கொழுப்பு. ரத்தத்தில் இருக்கும்போது அதற்கு மின்சுமை கிடையாது, அதனால் தொந்தரவு செய்யாது. செல் பந்தை விழுங்கியதும் அது ஒரு அறைக்குள் மாட்டும். அந்த அறை அமிலத் தன்மை உள்ளது. அமிலம் பட்டதும் கொழுப்புக்கு நேர்மின்சுமை வந்துவிடும். அந்த அறையின் சுவரில் எதிர்மின்சுமை. இரண்டும் இழுத்து, சுவர் கிழிந்து, கடிதம் வெளியே வந்துவிடும். நாம் படிக்கும் அமிலம், காரம் பாடம் இங்கேயும் வருது பாருங்க!

"கொழுப்பு ஊசி போட்டா கொலஸ்ட்ரால் ஏறாதா?" என்று யாராவது கேட்டால் இதைச் சொல்லுங்க. பைசர் தடுப்பூசியின் ஒரு டோஸில் உள்ள கொலஸ்ட்ரால் 0.2 மில்லி கிராம். ஒரு முட்டையில் ஏறக்குறைய 200 மில்லி கிராம். ஆயிரத்தில் ஒரு பங்குதான்!

இன்னொரு விஷயம். நம் நாட்டில் பெரும்பாலானவர்கள் போட்டது கோவிஷீல்டும் கோவாக்சினும். அவை இரண்டும் இந்த வகை இல்லை. கோவிஷீல்டில் வேறொரு வைரஸ்தான் வண்டி. கோவாக்சினில் செயலிழந்த கொரோனா வைரசே இருக்கும்.

6. குளிர்ப் பெட்டிப் பிரச்சினை

பைசர் தடுப்பூசி முதலில் வந்தபோது மைனஸ் 70 டிகிரியில் வைக்க வேண்டும் என்றார்கள். சாதாரண ஆரம்ப சுகாதார நிலையத்தில் தடுப்பூசி வைப்பது 2 முதல் 8 டிகிரியில். 2017 நவம்பர் 30 அன்று ஓகி புயல் நம் மாவட்டத்தை அடித்தபோது ஆயிரக்கணக்கில் கரண்டு கம்பங்கள் சாய்ந்தன, பல ஊர்களில் நாள்கணக்கில் கரண்டு இல்லை என்று வீட்டில் பெரியவர்கள் இப்பவும் சொல்வார்கள். அப்படி ஒரு நேரத்தில் மைனஸ் 70 டிகிரிக்கு எங்கே போவது? பெரிய பட்டணத்துக்கு மட்டும் கிடைக்கும் தடுப்பூசியாக அது ஆகிவிடும்.

இதற்கு வழி தேடியவர்கள் நம் நாட்டிலேயே இருக்கிறார்கள். புனேயில் உள்ள ஜென்னோவா நிறுவனம் எம்.ஆர்.என்.ஏ. தடுப்பூசி தயாரித்து 2022-இல் அவசர அனுமதி பெற்றது. 2023-இல் வந்த ஜெம்கோவாக்-ஓஎம் தடுப்பூசியை உறைய வைத்து, ஈரத்தை இழுத்து, பொடியாக்கி வைத்தார்கள். அதனால் 2 முதல் 8 டிகிரியே போதும். கருவாடு காய வைத்தால் ஐஸ் இல்லாமலே நிற்கிறதே, அது போல ஈரம் போனால் கெடுவதும் குறையும். ஐதராபாத்தில் உள்ள சி.சி.எம்.பி. ஆராய்ச்சி நிலையமும் 2022-இல் சொந்தமாக எம்.ஆர்.என்.ஏ. தடுப்பூசித் தொழில்நுட்பத்தை உருவாக்கியதாக அறிவித்தது.

7. இன்னும் என்ன பாக்கி?

2025-இல் அமெரிக்காவில் பிலடெல்பியா நகரில், பிறவிக் குறைபாடு உள்ள ஒரு கைக்குழந்தைக்கு மரபணுவைத் திருத்தும் மருந்தையே கொழுப்புப் பந்தில் வைத்துக் கொடுத்தார்கள். அந்தக் குழந்தைக்குக் குறை இருந்தது கல்லீரலில். ரத்தத்தில் செலுத்தும் பந்துகள் பெரும்பாலும் கல்லீரலுக்கே போய்ச் சேரும் என்பதால் அது வசதியாயிற்று. ஆனால் மூளைக்கோ இதயத்துக்கோ அனுப்ப வேண்டுமென்றால் சரியான முகவரி எழுதுவது இன்னும் கஷ்டமான வேலை. விலையைக் குறைப்பதும், வெயிலிலும் கெடாமல் வைப்பதும் பாக்கி.

இந்த வேலைக்கு வேதியியல், உயிரியல், இயற்பியல், கணக்கு எல்லாமே வேண்டும். "இதெல்லாம் படிச்சு என்ன ஆகப்போகுது" என்று சொல்லும் என் அருமை நண்பர்களே, நம்ம ஊர் ஆரம்ப சுகாதார நிலையம் வரைக்கும் வந்து சேரும் மருந்து எப்படி இருக்கணும் என்று நம்மை விட நல்லாத் தெரிந்தவர்கள் யார்? அதை நாமே படித்துச் செய்தால் என்ன?

உங்களுக்குச் சில கேள்விகள்

1. பாஸ்போலிப்பிடுக்கு எத்தனை வால்?
2. காலா அசார் கிருமியோடு பெயர் சேர்ந்த சென்னை டாக்டர் யார்?
3. 50 கிலோ எடை உள்ளவருக்கு, கிலோவுக்கு 5 மில்லி கிராம் வீதம், ஒரு நாளைக்கு எத்தனை குப்பி?
4. எந்தக் கொழுப்பு அமிலம் பட்டதும் மாறும்?

விடை எல்லாம் கட்டுரைக்குள்ளேயே இருக்கு. மூன்றாவதுக்கு மட்டும் நோட்டில் கணக்குப் போடுங்க.



– ஒன்பதாம் வகுப்பு மாணவி, இராஜாக்கமங்கலம்