ஒரே படிகள், வேறு வேறு காட்சிகள்

பத்துமலைக் குகைக் கோவிலுக்கு ஏறும் 272 படிகளுக்கும் 2018ஆம் ஆண்டில் பல வண்ணச் சாயம் பூசப்பட்டது. அன்றிலிருந்து அங்கே நின்று படம் எடுக்காமல் திரும்புவோர் அரிது. ஒரு காலை வேளையில் அந்தப் படிகளின் அடியில் நீங்கள் நிற்பதாக எண்ணிக்கொள்ளுங்கள். கைப்பிடிச் சுவரில் ஒரு குரங்கு உட்கார்ந்து, உங்கள் கையிலுள்ள வாழைப்பழத்தைக் குறிவைத்துக்கொண்டிருக்கிறது. முன்றிலில் புறாக்கள் மேய்கின்றன. நிழலில் ஒரு நாய் சுருண்டு படுத்திருக்கிறது. யாரோ ஒருவர் கொண்டுவந்த பூமாலையை ஒரு தேனீ வட்டமிடுகிறது. எல்லாரும் பார்ப்பது அதே படிகளைத்தான். ஆனால், ஒவ்வொருவருக்கும் தெரியும் காட்சி வேறு.

குரங்குக்குத் தெரிவது ஏறக்குறைய நமக்குத் தெரிவதே. மனிதனின் விழித்திரையில் நிறத்தை உணரும் கூம்பு உயிரணுக்கள் மூன்று வகை. பத்துமலைக் குரங்குகளுக்கும் அவ்வாறே. பச்சை இலைகளுக்கிடையே பழுத்த பழத்தைக் கண்டுகொள்ள இது நம் மூதாதையருக்கு உதவியிருக்கும் என்று அறிவியலாளர் பலர் கருதுகின்றனர். நாய்க்குக் கூம்பு உயிரணுக்கள் இரண்டே வகை. அதனால் அது நீலத்தையும் மஞ்சளையும் பிரித்தறியும். சிவப்பும் பச்சையும் அதற்குக் குழம்பிவிடும். நாய்க்கு உலகம் கறுப்பு வெள்ளையாகத் தெரியும் என்று பலரும் சொல்வது தவறு. புறாவுக்கோ நான்கு வகை உண்டு. நாம் காணாத ஒளியிலும் ஒரு பகுதியை அது காண்கிறது. தேனீக்கு நம்மைப்போல் மூன்று வகைதான் என்றாலும், அவை நம்முடைய மூன்று அல்ல. புற ஊதா, நீலம், பச்சை ஆகியவற்றை உணர்பவை அவை. எனவே, நமக்குப் பளிச்சென்று தெரியும் சிவப்புப் படி தேனீக்குக் கறுப்புப் படி போன்றதே.

‘காணாத ஒளி’ என்றால் என்ன? நாம் ஒளி என்று சொல்வது மின்காந்த அலைகளில் மிகச் சிறிய ஒரு பகுதி. மின்னல் எஃப்.எம். வானொலியை நம் வீட்டுக்குக் கொண்டுவருவதும் மின்காந்த அலைதான். அதன் அலைநீளம் சுமார் 3 மீட்டர். மருத்துவமனையில் எலும்பைப் படம் எடுக்கும் எக்ஸ் கதிரும் அதே குடும்பம். அதன் அலைநீளமோ ஓர் அணுவின் அளவுக்குக் குறுகியது. இவற்றுக்கிடையே சுமார் 400 முதல் 700 நானோமீட்டர் வரையுள்ள அலைகளை மட்டுமே நம் கண் உணர்கிறது. ஒரு தலைமுடியின் தடிப்புக்குள் நூற்றுக்கும் மேற்பட்ட பச்சை ஒளியலைகள் அடங்கிவிடும். ஊதாவைவிடக் குறுகிய அலைகள் புற ஊதாக் கதிர்கள். சிவப்பைவிட நீண்டவை அகச்சிவப்புக் கதிர்கள்.

அகச்சிவப்பை முதலில் கண்டறிந்தவர் வில்லியம் ஹெர்ஷல். 1800ஆம் ஆண்டில் அவர் சூரிய ஒளியை முப்பட்டகத்தால் பிரித்து, ஒவ்வொரு நிறத்திலும் வெப்பமானியை வைத்துப் பார்த்தார். சிவப்புக்கு அப்பால், ஒன்றுமே தெரியாத இடத்தில் வைத்த வெப்பமானியும் சூடேறியது. அடுத்த ஆண்டே ஜெர்மனியில் ஜோஹான் ரிட்டர் என்பவர், ஊதாவுக்கு அப்பாலுள்ள ‘வெற்றிடத்தில்’ வெள்ளிக் குளோரைடு விரைவாகக் கறுப்பதைக் கண்டார். வெறுமையாகத் தோன்றிய இரு புறமும் வெறுமையாக இருக்கவில்லை.

அந்த ஒளியைக் காணும் உயிர் உண்டா என்ற கேள்விக்கு முதல் விடையைத் தந்தது எறும்பு. தொல்காப்பியத்தின் மரபியல், உயிர்களை அறிவின் அடிப்படையில் ஆறாக வகுக்கிறது என்பதை நீங்கள் படித்திருப்பீர்கள். அதில் எறும்புக்கு மூன்றறிவு. கண்ணறிவு நான்காவது என்பதால் எறும்புக்கு அது இல்லை. நண்டும் தும்பியும் நான்கறிவு பெற்றவை. வரிசையாக ஊர்ந்து, மோப்பம் பிடித்துச் செல்லும் எறும்பைப் பார்த்தவர் அவ்வாறு வகுத்ததில் வியப்பில்லை. ஆனால், இங்கிலாந்தின் ஜான் லபக் செய்த ஒரு சோதனை வேறொன்றைக் காட்டியது. அவர் எறும்புகளின் மேலும் அவற்றின் கூட்டுப்புழுக்களின் மேலும் நிறமாலையை விழச் செய்தார். வெளிச்சத்தில் கிடக்கும் குஞ்சுகளை இருளுக்குத் தூக்கிச் செல்வது எறும்பின் இயல்பு. அவை முதலில் தூக்கியது, மனிதக் கண்ணுக்கு இருட்டாகத் தெரிந்த புற ஊதாப் பகுதியில் கிடந்தவற்றைத்தான்! 1882இல் வெளிவந்த தம் நூலில் லபக் இதை விளக்கியிருக்கிறார். எறும்புக்குக் கண்ணறிவு உண்டு. அதுவும் நம்மிடம் இல்லாத ஒரு பகுதியில்.

தேனீக்களைப் பற்றி நாம் இன்னும் அதிகம் அறிவோம். கார்ல் வான் ஃபிரிஷ், நீல அட்டையின்மேல் சர்க்கரைப் பாகு வைத்துத் தேனீக்களைப் பழக்கினார். பிறகு, பாகு இல்லாத நீல அட்டையைப் பல சாம்பல் நிற அட்டைகளுக்கு நடுவில் வைத்தபோதும் அவை நீலத்தையே தேடி வந்தன. சிவப்பு அட்டைக்குப் பழக்கியபோதோ, சிவப்பையும் கறுப்பையும் குழப்பிக்கொண்டன. பூக்களும் இதற்கேற்ப அமைந்துள்ளன. சூரியகாந்தியின் இதழ்கள் நமக்கு முழுதும் ஒரே மஞ்சள். ஆனால், அவற்றின் நுனிப்பகுதி புற ஊதாவைத் திருப்பி அனுப்புகிறது, அடிப்பகுதி விழுங்கிக்கொள்கிறது. தேனீக்கு அந்தப் பூ, நடுவில் கரிய வட்டமுள்ள குறிபலகை. தேன் எங்கே இருக்கிறதென்று பூவே எழுதி வைத்திருக்கிறது. நம் தேசிய மலரான செம்பருத்தியின் கதை வேறு. தேனீ காணாத சிவப்பைப் பறவைகள் நன்றாகக் காணும். அதனால்தான் தேன்சிட்டு அதை நாடி வருகிறது.

பிரிக்ஃபீல்ட்ஸ் உணவகங்களுக்குச் சென்றால் சுவரின் மேலே நீல ஊதா விளக்குப் பெட்டியைக் காணலாம். ஈக்களைக் கவர்ந்து பிடிக்கும் பெட்டி அது. நமக்குத் தெரியும் அந்த மங்கிய நீலம் அதன் ஒளியின் ஓரம் மட்டுமே. ஈக்குத் தெரியும் புற ஊதா வெளிச்சம் நம் கண்ணுக்கு இல்லை.

ஒளியுணர் உயிரணு வகைகளின் எண்ணிக்கையில் சில பட்டாம்பூச்சிகள் நம்மை மிஞ்சுகின்றன. கருஞ்சிறகின் நடுவே நீலப்பச்சைப் பட்டை ஓடும் ‘கிராஃபியம் சார்பிடன்’ என்ற இனம் நம் நாட்டிலும் பறக்கிறது. அதன் கண்ணில் 15 வகை ஒளியுணர் உயிரணுக்கள் இருப்பதாக 2016இல் ஜப்பானிய ஆய்வாளர்கள் அறிவித்தனர். இருட்டிலும் நிறம் காண்பவை உண்டு. தமிழ்நாட்டுத் தரங்கம்பாடியின் பெயரைத் தன் அறிவியல் பெயரில் தாங்கும் ‘சைலோகோபா டிரான்குபாரிகா’ என்ற மரத்துளைக்கும் வண்டு, நிலவில்லாத இரவில் விண்மீன் ஒளியிலேயே நிறங்களைப் பிரித்தறிகிறது. ஹேமா சோமநாதனும் அவருடன் பணியாற்றியோரும் இந்தியக் காட்டில் செய்த ஆய்வு இதை 2008இல் நிறுவியது. அந்த வெளிச்சத்தில் நம் கண்ணுக்கு எல்லாமே சாம்பல்தான்.

மனிதனுக்குப் புற ஊதா தெரியாததற்கு விழித்திரை மட்டும் காரணமன்று. நம் விழிவில்லை அதை வடிகட்டிவிடுகிறது. கண்புரைக்காக விழிவில்லை அகற்றப்பட்டவர்களுள் சிலர், பிறர் காணாத நீலவெண்மை ஒளியைக் கண்டிருக்கின்றனர். இன்று பொருத்தப்படும் செயற்கை வில்லைகள் பெரும்பாலும் புற ஊதாவைத் தடுக்கும் வகையினவே. அப்படித் தடுப்பது நல்லதுதான். ஏனெனில் அந்தக் கதிர் தெரியாமலே கண்ணைச் சுடும். பற்றவைப்புப் பட்டறையில் காப்புக் கண்ணாடி இன்றி நின்றவரின் கண், சில மணி நேரம் கழித்து மணல் விழுந்ததுபோல் உறுத்துவது இதனால்தான். சாலையோரத்தில் மலிவாகக் கிடைக்கும் கறுப்புக் கண்ணாடியை வாங்கும்போதும் கவனம் தேவை. புற ஊதாவைத் தடுக்காத கறுப்புக் கண்ணாடியை அணிந்தால் இருட்டில் கண்மணி விரிந்துகொள்ளும். கதிரோ தடையின்றி உள்ளே நுழையும்.

இனி, சிவப்புக்கு அப்பால் செல்வோம். 2020ஆம் ஆண்டில் பள்ளி வாசலிலும் கடை வாசலிலும் நம் நெற்றிக்கு நேரே ஒரு கருவியை நீட்டினார்களே, நினைவிருக்கிறதா? அந்தக் கருவி நம்மை நோக்கி எதையும் பாய்ச்சவில்லை. நம் உடல் இரவு பகலாக வெளிவிடும் அகச்சிவப்புக் கதிரை அளந்தது. அதன் அலைநீளம் சுமார் 10 மைக்ரோமீட்டர். நாம் காணும் ஒளியைப்போல் ஏறத்தாழ இருபது மடங்கு நீளம். கிள்ளான் பள்ளத்தாக்கின் கால்வாய்களிலும் வீட்டுக் கூரைகளிலும் அவ்வப்போது பிடிபடும் மலைப்பாம்பு அதே கதிரை உணர்கிறது. அதன் உதட்டுச் செதில்களில் வரிசையாகச் சிறு குழிகள் உள்ளன. பினாங்கு பாம்புக் கோவிலில் காணப்படும் குழிவிரியன்களுக்குக் கண்ணுக்கும் மூக்குக்கும் இடையே, பக்கத்துக்கு ஒன்றாகக் குழி உண்டு. உள்ளே இருப்பது மெல்லிய சவ்வு. எலியின் உடல் வெப்பம் அதைச் சிறிதே சூடாக்கினாலும் நரம்பு உடனே செய்தி அனுப்பும். இதற்குப் பொறுப்பான புரதத்தை 2010இல் கண்டறிந்த குழுவின் தலைவர் டேவிட் ஜூலியஸ். வெப்ப உணர்வு பற்றிய ஆய்வுகளுக்காக அவர் 2021இல் நோபல் பரிசைப் பகிர்ந்துகொண்டார்.

இது கண்ணா, தோலா என்று கேட்கத் தோன்றும். குழிகளின் நரம்பு, முகத்தோலின் தொடுவுணர்வு நரம்பைச் சேர்ந்தது. ஆனால், அச்செய்தி மூளையில் கண்ணின் செய்தி வந்து சேரும் பகுதியையே அடைந்து, இரண்டும் ஒன்றன்மேல் ஒன்றாகப் படிகின்றன. பாம்பு வெப்பத்தைத் தொட்டு உணர்கிறதா, பார்க்கிறதா என்பதைச் சொல்ல நம் மொழியில் தனிச் சொல் இல்லை. சன்னல் கண்ணாடிக்கு அப்பால் நீங்கள் நின்றால், உங்கள் உடல் வெப்பம் பாம்பின் குழிக்கு எட்டாது. அந்த அகச்சிவப்புக் கதிர் சாதாரணக் கண்ணாடியை ஊடுருவுவதில்லை. நமக்கு ஒளிபுகும் கண்ணாடி அதற்குச் சுவர்.

அகச்சிவப்பைக் காண வீட்டிலேயே ஒரு வழி உண்டு. தொலைக்காட்சியின் தொலை இயக்கியைக் கைப்பேசியின் முன்புறக் கேமராவுக்கு எதிரே பிடித்துப் பொத்தானை அழுத்துங்கள். வெறுங்கண்ணுக்குத் தெரியாத வெளிச்சம் பல கைப்பேசிகளின் திரையில் மினுக்கும். இது பாம்பு உணரும் கதிரைவிட மிகக் குறுகிய அகச்சிவப்பு.

கிள்ளானிலிருந்து வடக்கே சென்றால், கோல சிலாங்கூருக்கு அருகில் கம்போங் குவாந்தான் வரும். அங்கே ஆற்றோர பெரெம்பாங் மரங்களில் மின்மினிகள் ஒரே தாளத்தில் மின்னுகின்றன. அவற்றின் மஞ்சள்பச்சை ஒளி நம் கண்ணும் நன்கு காணும் பகுதியில் அமைந்திருக்கிறது. அதனால்தான் நமக்கு அக்காட்சி கிடைக்கிறது. ஆண் மின்மினிக்கு அந்த ஒளி இணையைத் தேடும் மொழி. கரையில் எரியும் விளக்கும் படகிலிருந்து பாயும் கைப்பேசி வெளிச்சமும் அந்த மொழியை அழித்துவிடுகின்றன. நாம் காணும் அதே பகுதியில்தான் அவையும் பேசுகின்றன. அதனால் அங்கே இயந்திரமில்லாத படகைத் துடுப்பால் செலுத்துவார்கள். ஒளிப்பான் போட்டுப் படம் எடுக்க வேண்டாம் என்பார்கள். படகில் அமர்ந்து விளக்கை அணைத்ததும் முதலில் ஒன்றும் தெரியாது. சில நிமிடங்களில் கண் இருளுக்குப் பழகும். பிறகு ஒரு மரம், அடுத்த மரம் என்று கரை நெடுக மினுங்கத் தொடங்கும்.