மௌனமெல்லாம் பொறுமையல்ல
(வாசிக்க: லூக்கா 2:41–52)



ஊர்காவற்றுறையில் நின்று பார்த்தால் காரைநகர்க் கரை கண்ணுக்குத் தெரியும். ஆயினும் இடையிலுள்ள கடலைக் கடக்கப் ‘பாதை’ வரவேண்டும். நம் வீடுகள் சிலவற்றின் நிலையும் இதுவே. “கொப்பரைச் சாப்பிட வரச்சொல்லு” என்கிறார் தாய். “எனக்குப் பசியில்லையெண்டு கொம்மாவிட்டைச் சொல்லு” என்கிறார் தகப்பன். இருவருக்கும் இடையே பாதையாக ஓடுவது பிள்ளை!

சண்டை சச்சரவில்லாத குடும்பம் என அயலவர் மெச்சலாம். சொல்லாத மனத்தாங்கலின் பாரத்தைப் பிள்ளை அறியும்.

தீவகத்தில் இதற்குத் தனிக் காரணமும் உண்டு. 1990இல் மீண்டும் போர் மூண்டபோது பெருந்தொகையான குடும்பங்கள் இடம்பெயர்ந்தன. கணவன் வெளிநாட்டிலும் மனைவி ஊரிலுமாகப் பலருக்கு ஆண்டுகள் கழிந்தன. ‘தூரத்தில் இருப்பவருக்கு ஏன் கவலை கொடுப்பான்’ என்று இருவரும் துன்பத்தை மறைத்தார்கள். அன்பினால் தொடங்கிய அந்த மறைப்பு, ஒன்றுசேர்ந்த பின்னும் பழக்கமாய் நின்றுவிடுகிறது. இன்று கைத்தொலைபேசியில் முகம் பார்த்துப் பேசுவோரும் “சாப்பிட்டாச்சோ? காசு வந்ததோ?” என்பதோடு முடித்துக்கொள்கிறார்கள்.

திருக்குடும்பத்தை நோக்குங்கள். காணாமற்போன 12 வயது மகனை மூன்று நாட்களின் பின் ஆலயத்தில் கண்ட மரியன்னை முகத்தைத் திருப்பிக்கொள்ளவில்லை. ஏன் இப்படிச் செய்தாய் என்று கேட்டார்; தாமும் சூசையப்பரும் பட்ட வேதனையை வெளிப்படையாகச் சொன்னார். இயேசுவின் மறுமொழி அவர்களுக்கு விளங்கவில்லை. என்றாலும் மூவரும் சேர்ந்தே நாசரேத்துக்குத் திரும்பினர். அதன் பின்னரே அன்னை யாவற்றையும் உள்ளத்தில் இருத்தினார். அது பேசியபின் காத்த மௌனம். பேசாது வளர்த்த மௌனமல்ல.

பொழுது சாயுமுன் சினம் தணியட்டும் என்பது புனித பவுலின் அறிவுரை (எபேசியர் 4:26). திருத்தந்தை பிரான்சிசும் 2016இல் வெளியிட்ட ‘அன்பின் மகிழ்வு’ மடலில், தயவுசெய்து, நன்றி, மன்னித்துக்கொள் என்னும் மூன்று சொற்களைக் குடும்பங்களுக்கு நினைவூட்டினார்.

இவ்வாரத் தீர்மானங்கள்:

1. பிள்ளையைத் தூது அனுப்பாதிருப்போம்.

2. இரவுச் செபமாலையின் பின் கைத்தொலைபேசியை ஒருபுறம் வைத்துவிட்டு, பத்து நிமிடமாவது மனம்விட்டுப் பேசுவோம்.

3. ‘நீ இப்படித்தான்’ என்று குற்றஞ்சாட்டாது, ‘எனக்கு மனம் நொந்தது’ என்று தொடங்குவோம்.

ஒன்றை மறவாதீர்கள். அடியும் வசையும் உள்ள வீட்டில் வாய்மூடிக் கிடப்பது புண்ணியமல்ல. பங்குத்தந்தையையோ நம்பிக்கைக்குரிய ஒருவரையோ தயங்காது நாடுங்கள்.

சிந்தனைக்கு: நம் வீட்டில் எந்த வார்த்தை இன்னும் சொல்லப்படாமல் இருக்கிறது? அதை முதலில் சொல்லவேண்டியவர் யார்?