பேரை அடிச்சுவிட்ட தேர்தல்: போலந்து, 1989

நம்ம ராஜபாளையத்துல காந்தி கலை மன்றத்தைத் தெரியாதவங்க இருக்க முடியாது. பி.எஸ். குமாரசுவாமி ராஜா தன் சொந்த வீட்டையே அதற்காகக் கொடுத்தார். 1949 ஏப்ரல் முதல் 1952 ஏப்ரல் வரை அவர்தான் அன்றைய சென்னையின் முதலமைச்சர். இந்த ரெண்டு விஷயமும் ஸ்கூல்லயே காதில் விழுந்திருக்கும். மூணாவதாக ஒன்று இருக்கிறது, அதை அதிகம் பேர் சொல்வதில்லை. முதலமைச்சராக இருந்துகொண்டே, நாட்டின் முதல் பொதுத்தேர்தலில் பக்கத்து ஸ்ரீவில்லிபுத்தூர் தொகுதியில் நின்று அவர் தோற்றுப்போனார். அவரோடு அமைச்சராக இருந்த பக்தவத்சலமும் தோற்றார். மொத்தம் 375 இடங்களில் காங்கிரஸுக்கு வந்தது 152. கம்யூனிஸ்டுகளுக்கு 62.

அந்தத் தேர்தலில் ஓட்டுப் போட்ட முறை நமக்கு வேடிக்கையாக இருக்கும். ஒவ்வொரு வேட்பாளருக்கும் ஒரு தனிப் பெட்டி, பெட்டியின் மேல் அவருடைய சின்னம். திரைக்குப் பின்னால் போய், பிடித்தவர் பெட்டியில் சீட்டைப் போட்டுவிட்டு வர வேண்டியதுதான். சீட்டில் எழுத வேண்டாம், முத்திரை குத்த வேண்டாம். எழுதப் படிக்கத் தெரியாதவர்கள் நிறைந்த நாட்டுக்காக யோசித்துச் செய்த ஏற்பாடு. ஆட்சியில் இருந்தவர்கள் செய்த அதே ஏற்பாட்டில்தான் ஆட்சியில் இருந்தவர்களே தோற்றார்கள்.

37 வருஷம் கழித்து, போலந்தில் ஒரு பிரதமர் தோற்றார். அவரை எதிர்த்து யாருமே நிற்கவில்லை. தனியாக ஓடியும் தோற்றார். எப்படி என்பதுதான் இந்தக் கட்டுரை. கல்லூரியில் முதல் தடவை ஓட்டுப் போடப்போகும் நமக்கு இது வெறும் வரலாறு இல்லை என்று நினைக்கிறேன். ஓட்டுச்சீட்டு என்பது ஒரு டிசைன். அந்த டிசைன்ல யாரோ ஒருத்தர் எதையோ எதிர்பார்த்திருக்கிறார்.

முதலில் கொஞ்சம் பின்னணி. இரண்டாம் உலகப் போருக்குப் பின் போலந்தை ஆண்டது ஒரே கட்சி. பேர் போலந்து ஐக்கியத் தொழிலாளர் கட்சி. கூடவே தலையாட்ட இரண்டு குட்டிக் கட்சிகள். சில வருஷத்துக்கு ஒரு முறை தேர்தலும் ஒழுங்காக நடக்கும். சாவடிக்குப் போனால் அச்சடித்த பட்டியல் கையில் கிடைக்கும். அதை அப்படியே மடித்துப் பெட்டியில் போட்டால் பட்டியலுக்குச் சம்மதம் என்று அர்த்தம். யாருடைய பேராவது பிடிக்கவில்லை என்றால் திரைக்குப் பின்னால் போய் அடிக்க வேண்டும். இங்கேதான் சூட்சுமம். ஒருத்தர் திரைப்பக்கம் போனாலே அவர் ஏதோ செய்யப்போகிறார் என்று அங்கே உட்கார்ந்திருக்கிறவர்களுக்குத் தெரிந்துவிடும். வேலை, வீடு, பிள்ளையின் காலேஜ் சீட் எல்லாம் அரசாங்கத்தின் கையில் இருக்கும்போது யார் அந்தத் திரைப்பக்கம் போவார்?

1980-ல் கறி விலையை ஏற்றினார்கள். வேலைநிறுத்தங்கள் தொடங்கின. அந்த ஆகஸ்டில், க்டான்ஸ்க் நகரத்தின் லெனின் கப்பல் கட்டும் தளத்தில் அன்னா வாலென்டினோவிச் என்ற கிரேன் ஓட்டும் பெண்மணியை, ஓய்வுபெறச் சில மாதங்களே இருக்கும்போது, வேலையை விட்டு நீக்கினார்கள். தளம் முழுக்க நின்றுபோனது. ஏற்கெனவே வேலை இழந்திருந்த லேக் வலேசா என்ற எலெக்ட்ரீஷியன் தலைமைக்கு வந்தார். அதிலிருந்து பிறந்ததுதான் சாலிடாரிட்டி, அதாவது ‘தோழமை’ என்ற தொழிற்சங்கம். உச்சத்தில் அதற்குச் சுமார் ஒரு கோடி உறுப்பினர்கள். தொழிலாளர் பெயரில் ஆளும் ஒரு கட்சிக்கு எதிராகத் தொழிலாளர்களே ஒரு கோடிப் பேர்! மில் ஊரில் பிறந்த நமக்கு ஸ்டிரைக் என்றால் என்ன, அது ஒரு வீட்டை என்ன பண்ணும் என்று சொல்லித் தர வேண்டியதில்லை. 1981 டிசம்பர் 13 அன்று ஜெனரல் யாருசெல்ஸ்கி இராணுவச் சட்டம் கொண்டுவந்தார், தலைவர்களை உள்ளே தள்ளினார், அடுத்த வருஷம் சங்கத்தையே தடை செய்தார்.

ஆனால் கடையில் சாமான் வரவில்லை. கடன் ஏறியது. 1988-ல் இரண்டு முறை வேலைநிறுத்த அலை. அதிகாரிகளுக்குப் பேசுவதைத் தவிர வேறு வழி தெரியவில்லை. அந்த நவம்பர் 30 அன்று ஒரு தமாஷ் நடந்தது. அரசாங்கச் சங்கத்தின் தலைவர் மியோதோவிச், வலேசாவை டிவி விவாதத்துக்கு அழைத்தார். எலெக்ட்ரீஷியன்தானே, நேரலையில் உளறுவார் என்று கணக்கு. நாடே உட்கார்ந்து பார்த்தது. மேற்கு ஐரோப்பா காரில் போகிறது, நாம சைக்கிள்ல போறோம் என்கிற மாதிரி எளிய பேச்சில் வலேசா அவரை உட்கார வைத்தார். தடை செய்யப்பட்ட சங்கத்தின் தலைவரை அரசாங்க டிவியே வீட்டுக்கு வீடு கொண்டுபோய்ச் சேர்த்தது. ஆட்சியாளர்கள் போட்ட கணக்கு திரும்பி அடித்த முதல் சம்பவம் இது.

1989 பிப்ரவரி 6 அன்று வார்சாவில் வட்டமேசைப் பேச்சு தொடங்கியது. நிஜமாகவே ஒரு பெரிய வட்டமேசை செய்து போட்டார்கள். ஏப்ரல் 5 அன்று ஒப்பந்தம். சங்கம் மறுபடி சட்டப்படி இயங்கலாம். தேர்தல் ஜூன் 4. ஆனால் பாதிச் சுதந்திரத் தேர்தல்தான். கீழ்ச்சபையில் 460 இடம். அதில் 299, அதாவது 65 சதவீதம், ஆளும் கட்சிக்கும் கூட்டாளிகளுக்கும் முன்கூட்டியே ஒதுக்கீடு. மீதி 161-க்குத்தான் போட்டி. புதிதாக ஒரு மேலவை, 100 இடம், அங்கே முழுப் போட்டி. ஆட்டம் தொடங்கும் முன்பே ஸ்கோர்போர்டில் 299 போட்டுக்கொண்டு இறங்குகிற டீம் தோற்குமா?

ஒதுக்கிய 299-க்குள் 35 இடங்களைத் தனியாக எடுத்து ‘தேசியப் பட்டியல்’ என்று ஒன்று வைத்தார்கள். பிரதமர் ரகோவ்ஸ்கி, உள்துறை அமைச்சர் கிஷ்சாக் மாதிரி பெரிய தலைகள் எல்லாம் அதில். 35 இடத்துக்கு 35 பேர், எதிர்ப்பே கிடையாது. பழைய பழக்கப்படி மக்கள் சீட்டை மடித்துப் போட்டுவிடுவார்கள் என்று நம்பினார்கள். ஒரே ஒரு நிபந்தனை: ஒவ்வொருவரும் செல்லும் ஓட்டுகளில் பாதிக்கு மேல் வாங்க வேண்டும். வாங்காவிட்டால் என்ன ஆகும்? சட்டத்தில் அதற்கு ஒரு வரிகூட இல்லை. அப்படி ஒன்று நடக்கும் என்று யாரும் நினைக்கவே இல்லை. நம்ம பாஷையில் சொன்னால், எர்ரர் ஹேண்ட்லிங் எழுதாத புரோகிராம்.

பிரச்சாரத்துக்கு இரண்டே மாதம். எதிர்க்கட்சியிடம் பத்திரிகை இல்லை. மே 8 அன்று ஆடம் மிஹ்னிக் ஆசிரியராக இருந்து ‘கசேத்தா விபோர்ச்சா’ என்ற நாளிதழைத் தொடங்கினார்கள். பேருக்கே தேர்தல் செய்தித்தாள் என்றுதான் அர்த்தம். வேட்பாளர்கள் பலரும் மக்களுக்குத் தெரியாதவர்கள். அதனால் ஒவ்வொருவரையும் வலேசா பக்கத்தில் நிற்கவைத்து ஒரு போட்டோ, அதையே போஸ்டர் ஆக்கினார்கள் (தலைவர் பக்கத்தில் கைகூப்பி நிற்கும் போஸ்டர் டெக்னிக் நமக்கு மட்டும் சொந்தமில்லை). கடைசி நாட்களில் வந்த இன்னொரு போஸ்டர் இன்றும் பிரபலம். ‘ஹை நூன்’ படத்தின் ஷெரிஃப் கேரி கூப்பர் நடந்து வருகிறார், நெஞ்சில் சாலிடாரிட்டி பேட்ஜ். துப்பாக்கிக்குப் பதிலாகக் கையில் ஓட்டுச்சீட்டு.

ஜூன் 4 வந்தது. சாலிடாரிட்டி சொல்லிக் கொடுத்தது சுலபமானது: நம்ம ஆளை விட்டுட்டு மத்த எல்லாப் பேரையும் அடிங்க. இந்த முறை திரைக்குப் பின்னால் போக யாரும் கூசவில்லை. தேசியப் பட்டியலில் ஒவ்வொரு பேராக அடிக்கப் பொறுமையில்லாத பலர் தாள் முழுக்க ஒரே பெருக்கல் குறி போட்டார்கள். 35 பேரில் 33 பேர் தோற்றார்கள். பிரதமர், உள்துறை அமைச்சர் உட்பட. தப்பித்த இருவரில் ஒருவர் ஆடம் சியெலின்ஸ்கி. பட்டியலின் கடைசிப் பேர் அவருடையது, பெருக்கல் குறியின் வால் அதுவரை எட்டவில்லை என்று ஒரு கதை சொல்வார்கள். போட்டி இருந்த 161 இடங்களில் 160 முதல் சுற்றிலேயே சாலிடாரிட்டிக்கு. இரண்டாம் சுற்றுக்குப் பிறகு 161-ம், மேலவையில் 100-க்கு 99-ம்.

இங்கே நம்ம நோட்டாவைப் பற்றி ஒரு வார்த்தை. 2013 செப்டம்பர் 27 அன்று உச்ச நீதிமன்றம் சொன்ன பிறகு நமக்கு அந்தப் பட்டன் வந்தது. ஆனால் நோட்டாவுக்கு எல்லாரையும் விட அதிக ஓட்டு விழுந்தாலும், சட்டமன்ற, மக்களவைத் தேர்தல்களில் அடுத்து நிற்கிறவர்தான் ஜெயிப்பார். ஒரே ஆள் நின்றால் தேர்தலே நடக்காது. 2024-ல் சூரத் மக்களவைத் தொகுதியில் அப்படித்தான் ஒருவர் போட்டியின்றி வந்தார், அங்கே யாருக்கும் அந்தப் பட்டனை அமுக்க வாய்ப்பே இல்லை. போலந்தில் ஒரு கம்யூனிஸ்ட் அரசாங்கம் கவனக்குறைவாகச் செய்த சீட்டில் ‘வேண்டாம்’ என்பதற்கு உண்மையான பலம் இருந்தது. நம்ம சீட்டில் அது இல்லை. எனக்கு இது உறுத்துகிறது.

சரி, 33 இடம் காலி. அடுத்து என்ன நடந்தது என்பதுதான் அந்த வருஷத்திலேயே சிக்கலான பகுதி. ஜெயித்தவர்கள் கொண்டாடவில்லை, பயந்தார்கள். அதே ஜூன் 4 அன்றுதான் பெய்ஜிங்கில் தியானன்மென் சதுக்கத்தைச் சுற்றி இராணுவம் மாணவர்களையும் மக்களையும் சுட்டது. சோவியத் படை போலந்து மண்ணிலேயே இருந்தது. 1981 டிசம்பரை யாரும் மறக்கவில்லை. அதனால் ஆட்சியாளர்கள் சுற்றுகளுக்கு நடுவில் விதியை மாற்றி, அந்த 33 இடத்தையும் புது ஆட்களை வைத்து நிரப்பிக்கொள்ள சாலிடாரிட்டி தலைவர்கள் சம்மதித்தார்கள். மக்கள் அடித்த கோட்டைத் தலைவர்கள் அழித்தார்கள் என்றும் இதைச் சொல்லலாம். முதல் சுற்றில் 62 சதவீதம் பேர் வந்திருந்தார்கள். ஜூன் 18 இரண்டாம் சுற்றுக்கு வந்தது 25 சதவீதம். அவர்கள் இடத்தில் இருந்திருந்தால் நானும் சம்மதித்திருப்பேன், ஒரு உயிர்கூடப் போகாமல் ஆட்சி மாறியது சின்ன விஷயமில்லை. ஆனால் ஓட்டுப் போட்டவனிடம் கேட்காமல் செய்தது தப்பு இல்லை என்று சொல்ல வாய் வரவில்லை.

ஜூலை 19 அன்று யாருசெல்ஸ்கி நாடாளுமன்றத்தில் ஜனாதிபதியானார், ஒரே ஒரு ஓட்டு வித்தியாசத்தில். அதுவும் சாலிடாரிட்டி உறுப்பினர்கள் சிலர் வேண்டுமென்றே செல்லாத ஓட்டுப் போட்டு அவரைக் கரையேற்றினார்கள். தன்னைச் சிறையில் போட்டவரை ஜனாதிபதியாக்குவது எவ்வளவு கசப்பாக இருந்திருக்கும்! பிரதமராகக் கிஷ்சாக்கைக் கொண்டுவரப் பார்த்தார்கள், முடியவில்லை. நாற்பது வருஷம் தலையாட்டிய அந்த இரண்டு குட்டிக் கட்சிகளும் இந்தப் பக்கம் தாவிவிட்டன. 299 என்ற ஸ்கோர் அங்கேயே செத்தது. ஆகஸ்ட் 24 அன்று ததேயுஷ் மசோவியெத்ஸ்கி பிரதமரானார். செப்டம்பர் 12 அன்று அமைச்சரவைக்கு நம்பிக்கை கேட்டுப் பேசும்போதே மயக்கம் வந்து வெளியே போனார். கொஞ்ச நேரத்தில் திரும்பி வந்து, நம்ம நாட்டுப் பொருளாதாரம் எந்த நிலைமையில் இருக்கோ அதே நிலைமைக்கு நானும் வந்துட்டேன் என்கிற மாதிரி சொல்ல, சபை சிரித்தது.

பொருளாதாரம் சிரிக்கிற நிலைமையில் இல்லை. அக்டோபரில் ஒரே மாதத்தில் விலைவாசி 50 சதவீதத்துக்கு மேல் ஏறியது. நிதியமைச்சர் பால்செரோவிச்சின் திட்டம் 1990 ஜனவரி 1 முதல் அமலுக்கு வந்தது. கடையில் சாமான் வந்தது. அரசாங்கத் தொழிற்சாலைகளில் ஆட்குறைப்பும் வந்தது.

வலேசா 1990-ல் ஜனாதிபதியானார். 1995 தேர்தலில் தோற்றார். ஜெயித்தவர் க்வாஷ்னியெவ்ஸ்கி, அதே வட்டமேசையில் கட்சிப் பக்கம் உட்கார்ந்திருந்த இளைஞர். முன்னாள் ஜனாதிபதிக்கு அப்போது பென்ஷன் கிடையாது. 1996 ஏப்ரலில் வலேசா க்டான்ஸ்க் கப்பல் தளத்துக்குப் போய், எலெக்ட்ரீஷியன் வேலைக்கு வந்திருக்கேன் என்று பேர் கொடுத்தார். அந்த வருஷமே தளம் திவாலானது.