தவணை ஏறவில்லை, மாதங்கள் ஏறின

வீட்டுக்கடன் கேட்டுப் போகிறவர் வங்கியில் கேட்கும் முதல் கேள்வி "மாசம் எவ்வளவு சார் வரும்?" என்பதுதான். பெரும்பாலும் அதுவே கடைசிக் கேள்வியாகவும் ஆகிவிடுகிறது. தூத்துக்குடியில் இப்படிக் கேட்பவர்கள் கணக்குத் தெரியாதவர்கள் அல்ல. உப்பு டன்னுக்கு என்ன விலை போகிறது, மாலத்தீவுக்குப் போகும் தோணியில் சரக்கு ஏற்ற என்ன கூலி என்றெல்லாம் விரல்நுனியில் வைத்திருப்பவர்கள். வியாபாரிகள் சேர்ந்து 1921-ல் நாடார் வங்கியைத் தொடங்கிய ஊர் இது. 1962-ல் தமிழ்நாடு மெர்க்கன்டைல் வங்கி என்று பெயர் மாறிய அதன் தலைமையகம் இன்றும் இங்கேதான் இருக்கிறது. அப்படிப்பட்ட ஊரிலும் வீட்டுக்கடன் என்று வந்துவிட்டால் பேச்சு மாதத் தொகையோடு நின்றுபோகிறது. மொத்தம் எவ்வளவு, எந்த வருடம் முடியும் என்று கேட்பவர்கள் குறைவு.

ஒரு கணக்கு. கடன் 25 லட்சம், வட்டி 8.5 சதவீதம், காலம் 20 ஆண்டு. தவணை சுமார் 21,696 ரூபாய். 240 மாதமும் கட்டி முடிக்கும்போது கையைவிட்டுப் போன தொகை ஏறத்தாழ 52 லட்சத்து 7 ஆயிரம். வட்டி மட்டும் 27 லட்சம். வாங்கிய கடனைவிடக் கட்டும் வட்டி அதிகம் என்பது ஓரளவு எல்லோருக்கும் தெரிந்த செய்திதான். அந்த வட்டி எப்போது பிடிக்கப்படுகிறது என்பதுதான் தெரிவதில்லை. முதல் மாதத் தவணையில் 17,708 ரூபாய் வட்டிக்குப் போகிறது, அசலில் கழிவது 3,988 ரூபாய்தான். ஐந்து ஆண்டு ஒழுங்காகக் கட்டினால் 13 லட்சம் செலுத்தியிருப்பார்கள். அப்போதும் கடன் பாக்கி 22 லட்சம் நிற்கும். அசல் பாதியாகக் குறைவது பதினான்காம் ஆண்டில்.

வங்கி ஏமாற்றுகிறது என்று இதற்குப் பொருள் இல்லை. மீதமிருக்கும் அசலுக்கு மாதாமாதம் வட்டி போடும் முறையில் கணக்கு இப்படித்தான் வரும். ஆனால் இதைத் தெரிந்துகொண்டு கையெழுத்துப் போடுவதற்கும் தெரியாமல் போடுவதற்கும் பல லட்சம் வித்தியாசம்.

முத்தையாபுரத்துத் தம்பி ஒருவர், துறைமுகத்துக் கிளியரிங் ஏஜென்சி ஒன்றில் வேலை, 2023-ல் தன் கடன் அறிக்கையை எடுத்துக்கொண்டு என்னிடம் வந்தார். கூடவே அவர் மனைவியும். 2021-ல், வட்டி மிகக் குறைவாக இருந்த நேரத்தில், 20 ஆண்டுக்கு வாங்கிய கடன்.

"ஒரு மாசம்கூடத் தவறல அண்ணாச்சி. தவணையும் ஒரு பைசா ஏறல. அப்புறம் மீதி மாசம் மட்டும் எப்படிக் கூடும்?" என்றார்.

அறிக்கையின் முதல் பக்கத்தில், பெயருக்கும் முகவரிக்கும் கீழே, பொடி எழுத்தில் ஒரு கட்டம். மீதமுள்ள தவணைகள் எத்தனை என்பது அதில் இருந்தது. கடன் வாங்கிய அன்று இருந்ததைவிடக் கூடுதலான எண். அவர் மனைவி அந்த எண்ணின் மேல் விரலை வைத்தபடி, "இவங்க ரிட்டையர் ஆகி எத்தனை வருசம் கழிச்சு முடியும்னு மட்டும் சொல்லுங்கண்ணே" என்றார்.

நடந்தது இதுதான். 2019 அக்டோபர் 1 முதல் வங்கிகள் புதிதாகக் கொடுக்கும் மாறும் வட்டி வீட்டுக்கடன்களை வெளி அளவுகோல் ஒன்றோடு இணைக்க வேண்டும் என்று ரிசர்வ் வங்கி விதித்தது. பெரும்பாலான வங்கிகள், ரிசர்வ் வங்கி தங்களுக்குக் கடன் கொடுக்கும் ரெப்போ வட்டியைத் தேர்ந்தெடுத்தன. 2020 மே மாதம் ரெப்போ 4 சதவீதத்துக்கு இறங்கியது, இரண்டு ஆண்டு அங்கேயே நின்றது. பிறகு 2022 மே தொடங்கி 2023 பிப்ரவரிக்குள் 6.5 சதவீதத்துக்கு ஏறியது. ஒன்பதே மாதத்தில் 2.5 சதவீதப் புள்ளி. கடன் வட்டியும் அதே அளவு ஏறியது. ஆனால் தவணையைக் கூட்டினால் வாடிக்கையாளர் முகம் சுளிப்பார் என்று வங்கிகள் பெரும்பாலும் காலத்தை நீட்டின.

நீட்டினால் எவ்வளவு நீளும்? 25 லட்சம், 6.75 சதவீதம், 20 ஆண்டு என்றால் தவணை 19,009 ரூபாய். ஒன்றரை ஆண்டு கட்டிய பிறகு வட்டி 9.25 ஆகிறது என்று எளிமைக்காக வைத்துக்கொள்வோம். அப்போது பாக்கி சுமார் 24 லட்சம். ஒரு மாத வட்டியே 18,551 ரூபாய். 19,009 ரூபாய் கட்டினால் அசலில் கழிவது ஐந்நூறு ரூபாய்கூட இல்லை. அதே தவணையில் தொடர்ந்தால் கடன் முடிய இன்னும் சுமார் 40 ஆண்டு. பதினெட்டரை ஆண்டில் முடிய வேண்டியது இது. நாட்டில் எத்தனையோ குடும்பங்களுக்கு இது சத்தமில்லாமல் நடந்தது.

2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி இதற்கு ஒரு கடிவாளம் போட்டது. வட்டி மாறும்போது தவணையைக் கூட்டுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டையும் கொஞ்சம் கொஞ்சம் செய்வதா என்று கடன்காரருக்கே தேர்வு கொடுக்க வேண்டும். காலாண்டுக்கு ஒருமுறை இதுவரை பிடித்த அசல், வட்டி, மீதித் தவணை எண்ணிக்கை எல்லாம் அடங்கிய அறிக்கை தர வேண்டும். அந்தத் தம்பி எழுதிக் கொடுத்துத் தவணையை உயர்த்திக்கொண்டார். வீட்டில் இரண்டு சம்பளம் இருந்ததால் முடிந்தது. எல்லோராலும் முடிவதில்லை என்பதால்தான் கடன் வாங்கும்போதே தாங்கக்கூடிய தவணைக்குக் கொஞ்சம் கீழே நிற்க வேண்டும் என்று சொல்கிறேன்.

வட்டி இறங்கும் காலத்தில் இதற்கு நேர் எதிரான வேலை இருக்கிறது. 2025 பிப்ரவரி முதல் டிசம்பருக்குள் ரெப்போ 6.5-லிருந்து 5.25-க்கு வந்தது. அப்போது தவணையைக் குறைக்கச் சொல்லாமல் பழைய தொகையையே கட்டிவந்தால் மாதங்கள் வேகமாகக் கழியும். இதில் இன்னொன்றையும் கவனிக்க வேண்டும். 2019 விதி வங்கிகளுக்கு மட்டுந்தான். வீட்டுவசதி நிதி நிறுவனங்கள் தங்கள் சொந்த அளவுகோலை வைத்துக்கொள்ளலாம். 2019-க்கு முந்தைய வங்கிக் கடன்கள் பலவும் பழைய முறையிலேயே கிடக்கின்றன. ரெப்போ இறங்கியது என்று தொலைக்காட்சியில் செய்தி வரும், நம் கடனில் ஒன்றும் அசையாது. கடன் எதோடு இணைந்திருக்கிறது, மாற்றிக்கொள்ள என்ன கட்டணம் என்று கிளையில் எழுத்தில் கேட்டு வாங்குவதுதான் இதற்கு வழி.

2020-ல் கொரோனாவை ஒட்டி ஆறு மாதம் தவணையைத் தள்ளிப்போடும் சலுகை வந்தது. வேலை போனவர்களுக்கும் கடை மூடியவர்களுக்கும் அது உயிர்மூச்சு. சம்பளம் நிற்காதவர்கள் சிலரும் "சும்மா கிடைக்குது" என்று எடுத்துக்கொண்டார்கள். வட்டி மட்டும் ஓடிக்கொண்டிருந்தது. முதலில் சொன்ன 8.5 சதவீத வட்டிக் கடனில் இரண்டு ஆண்டு கட்டியவர் ஆறு தவணையைத் தள்ளிப்போட்டு, அதே தவணையில் தொடர்ந்தால் கடைசியில் சுமார் 24 தவணை கூடுதலாகக் கட்ட வேண்டியிருக்கும். ரூபாயில் ஐந்து லட்சத்துக்கு மேல்.

இதே கணக்கைத் திருப்பிப் போட்டால் நமக்குச் சாதகமாக வேலை செய்யும். கடனின் இரண்டாம் ஆண்டு முடிவில் 1 லட்சம் கூடுதலாக அசலில் கட்டினால் வட்டியில் சுமார் 3 லட்சத்து 30 ஆயிரம் மிச்சம். அதே 1 லட்சத்தைப் பதினைந்தாம் ஆண்டில் கட்டினால் மிச்சம் 50 ஆயிரம்தான். பெரிய தொகை கையில் வரட்டும் என்று காத்திருப்பவர்களிடம் இந்த இரண்டு எண்களைத்தான் காட்டுகிறேன். ஆண்டுக்கு ஒரு தவணை கூடுதலாகக் கட்டினால்கூட 20 ஆண்டுக் கடன் 17 ஆண்டு ஆவதற்குள் முடியும், 5 லட்சம் வட்டி குறையும். துறைமுகத் தொழிலாளிக்குப் போனஸ் வரும், கப்பலுக்குப் போகிறவர் ஒப்பந்தம் முடிந்து மொத்தமாகப் பணத்தோடு ஊர் திரும்புவார். அந்த நேரம்தான் இதற்கு வாய்ப்பு. தனிநபர்களின் மாறும் வட்டி வீட்டுக்கடனை முன்கூட்டியே அடைக்க வங்கிகள் அபராதம் வாங்கக்கூடாது என்பது 2012 முதல் விதி. கட்டும்போது "காலத்தைக் குறையுங்கள்" என்று எழுதிக் கொடுக்க வேண்டும். சொல்லாவிட்டால் தவணையைக் குறைத்துவிட்டுக் காலத்தை அப்படியே வைத்துவிடுவதும் உண்டு.

மாதச் சம்பளம் இல்லாதவர்களுக்குக் கணக்கு இன்னும் கடினம். உப்பளத்தை நம்பிய குடும்பத்துக்கு வடகிழக்குப் பருவமழை தொடங்கினால் வேலை நின்றுவிடும். விசைப்படகுக்கு ஆண்டுதோறும் 61 நாள் மீன்பிடித் தடைக்காலம். தவணைக்கு மழையும் தெரியாது, தடைக்காலமும் தெரியாது. வருமானம் வரும் மாதங்களிலேயே மூன்று, நான்கு தவணைக்கான பணத்தைத் தனிக் கணக்கில் ஒதுக்கி வைக்க முடியாதென்றால் கடன் தொகையைக் குறைப்பதே நல்லது. வீடு ஓர் அறை சிறியதாக இருக்கலாம்.

கடன் தொகைக்கு வெளியே போகும் பணம் தனி. தமிழ்நாட்டில் கிரயப் பத்திரத்துக்கு முத்திரைத் தீர்வை 7 சதவீதம், பதிவுக் கட்டணம் 2 சதவீதம். 30 லட்சத்துக்குக் கிரயம் என்றால் 2 லட்சத்து 70 ஆயிரம் கைப்பணமாக வேண்டும். வீட்டு விலையிலும் 30 லட்சம் வரையிலான கடனுக்கு அதிகபட்சம் 90 சதவீதம்தான் கிடைக்கும். இந்த இடைவெளியை நம் ஊரில் நிரப்புவது பெரும்பாலும் நகைக்கடன். வீட்டுக்கடன் 8.5 சதவீதம் என்று பேசிக்கொண்டே, அதைவிட அதிக வட்டிக்கு நகையை வைத்துவிட்டு, வருடாவருடம் மறுஅடகு போடும் குடும்பங்கள் ஏராளம். அந்த வட்டியும் வீட்டின் விலைதான்.

மனையில் சொந்தமாகக் கட்டுகிறவர்களுக்குப் பணம் கட்டம் கட்டமாக வரும். பேஸ்மட்டம், லிண்டல், கூரை என்று ஒவ்வொரு நிலையாகப் பார்த்து விடுவிப்பார்கள். வேலை முடியும்வரை விடுவித்த தொகைக்கு வட்டி மட்டும் கட்டிவருவது வழக்கம். அதில் அசல் குறையாது, வாடகையும் நிற்காது. கொத்தனார் கிடைக்காமல், மணல் வராமல் ஆறு மாதம் இழுத்தால் அந்த ஆறு மாத வட்டியும் செலவுக் கணக்கில் ஏறும்.

கடனோடு சேர்த்துத் தலையில் கட்டப்படும் காப்பீட்டையும் பார்க்க வேண்டும். 60 ஆயிரம் பிரீமியத்தைக் கடனிலேயே சேர்த்துவிட்டால் 20 ஆண்டில் அதற்குக் கட்டுவது சுமார் 1 லட்சத்து 25 ஆயிரம். குடும்பத் தலைவருக்கு ஆயுள் காப்பீடு கட்டாயம் இருக்க வேண்டும், அதில் எனக்கு இரண்டாம் கருத்தில்லை. அதை வங்கி சொல்லும் பாலிசியாக, கடனில் ஏற்றி வாங்க வேண்டியதில்லை. 2024 அக்டோபர் 1 முதல் புதிய வீட்டுக்கடன்களுக்கு எல்லாக் கட்டணங்களையும் சேர்த்து ஆண்டு வட்டி எவ்வளவு ஆகிறது என்று காட்டும் முக்கிய விவர அறிக்கை தரப்பட வேண்டும். கடன் வாங்குபவருக்குப் புரியும் மொழியில் தர வேண்டும் என்பதும் அதே விதி. தமிழில் கேளுங்கள். இரண்டு வங்கிகளை ஒப்பிட விளம்பர வட்டியைவிட அந்தத் தாள் உதவும்.

வரி மிச்சம் என்ற வாதத்தில் முன்பிருந்த பலம் இப்போது இல்லை. குடியிருக்கும் வீட்டுக்கான கடன் வட்டியில் 2 லட்சம் வரை கழிவு என்பது பழைய வரி முறையில்தான். புதிய முறையில் இருப்பவருக்கு அது கிடையாது.

கடற்கரை ஊரில் இன்னொரு செலவு சுவருக்குள் இருக்கிறது. உப்புக்காற்று. கம்பிக்கு மேல் கான்கிரீட் போதிய கனமில்லாமல் போட்ட வீட்டிலும், உப்புத் தண்ணீரில் கலவை போட்ட வீட்டிலும் பத்துப் பதினைந்து ஆண்டில் சன்ஷேடு விரிசல் விட்டு, துருப்பிடித்த கம்பி வெளியே தெரியத் தொடங்கும். கடனில் பாதி அப்போதும் பாக்கி இருக்கும். கட்டும்போதே நல்ல தண்ணீரை லாரியில் வாங்கிச் செலவழிப்பதும், ஆண்டுதோறும் பராமரிப்புக்கு என்று ஒரு தொகை ஒதுக்குவதும் கடன் கணக்கிலேயே சேர வேண்டியவை. வெள்ளமும் அப்படித்தான். 2023 டிசம்பர் 17, 18 தேதிகளில் காயல்பட்டினத்தில் ஒரே நாளில் 94 சென்டிமீட்டருக்கு மேல் மழை கொட்டியது. ஸ்ரீவைகுண்டம், ஏரல் பக்கம் தாமிரபரணி வீடுகளுக்குள் புகுந்தது. சுவர் விழுந்த வீட்டுக்கும் ஜனவரி மாதத் தவணை உண்டு. கடனோடு எடுத்த ஆயுள் காப்பீடு கட்டடச் சேதத்துக்கு உதவாது. கட்டடத்துக்கும் உடைமைகளுக்கும் தனியாக 'பாரத் கிருஹ ரக்ஷா' என்ற பொதுவான காப்பீட்டுத் திட்டம் 2021 ஏப்ரல் முதல் இருக்கிறது. வெள்ளம், புயல் சேதம் அதில் அடங்கும். மனை வாங்கும் முன் மழைக்காலத்தில் ஒருமுறை அந்தத் தெருவில் நடந்து பார்ப்பதற்கோ ஒரு பைசா செலவில்லை.

கடைசித் தவணை கட்டியதும் வேலை முடிந்துவிடாது. கடன் தீர்ந்த 30 நாளுக்குள் மூலப் பத்திரங்களை வங்கி திருப்பித் தர வேண்டும். தன் பக்கத்துக் காரணத்தால் தாமதித்தால் நாளொன்றுக்கு 5,000 ரூபாய் இழப்பீடு தர வேண்டும். 2023 டிசம்பர் 1 முதல் இது நடைமுறை. கடன் வாங்கியபோது வங்கியிடம் பத்திரங்களை ஒப்படைத்ததைச் சார்பதிவாளர் அலுவலகத்தில் பதிவு செய்திருப்பார்கள். கடன் தீர்ந்ததற்கான ரசீது ஆவணத்தையும் வங்கி அதிகாரியை வரவழைத்துப் பதிவு செய்ய வேண்டும். அதைச் செய்யாமல் விட்டவர்களுக்கு, பிள்ளைகள் காலத்தில் வீட்டை விற்கவோ பாகம் பிரிக்கவோ போகும்போது, தீர்ந்த கடன் வில்லங்கச் சான்றில் எழுந்து நிற்கும். பதிவு முடிந்ததும் புதிய வில்லங்கச் சான்று ஒன்றை எடுத்து, கடன் தீர்ந்த பதிவு அதில் ஏறியிருக்கிறதா என்று பார்த்துவிட்டுப் பத்திரங்களோடு சேர்த்து வையுங்கள்.